வகுப்பாசிரியர் கட்டிய அணி

சிற்றிதழ் வட்டாரத்தில் கல்லூரித் தமிழாசிரியர்களைப் பற்றி ஒரு நிலைத்த ஏளனம் உண்டு. படைப்பின் சூட்டை அறியாதவர்கள், உயிருள்ள இலக்கியத்தைப் பாடக்குறிப்பாகக் காய வைப்பவர்கள், தாம் ஒரு வரியும் எழுதாமல் பிறர் எழுதியதற்கு மதிப்பெண் போடுபவர்கள் என்பது அதன் சாரம். இருபது ஆண்டுகளாக இத்தொழிலில் இருப்பவன் என்ற முறையில் அந்த ஏளனத்தில் பாதி உண்மை என்பதை ஒப்புக்கொள்கிறேன். மீதிப் பாதியைப் பற்றி யோசிக்கும்போதெல்லாம் என் நினைவுக்கு வருபவர் ஓர் இலக்கியவாதி அல்லர். பின்லாந்தின் கால்பந்துப் பயிற்சியாளராக இருந்த மார்க்கு கனெர்வா. கால்பந்தில் நாட்டமில்லாத நண்பர்கள் பொறுத்தருள வேண்டும். சொல்ல வருவது பந்தைப் பற்றி மட்டுமன்று.

கனெர்வா 1964-இல் ஹெல்சிங்கியில் பிறந்தவர். தடுப்பாட்டக்காரர். ஹெல்சிங்கியின் எச்.ஜே.கே. அணிக்கும், ஸ்வீடனின் எல்ஃப்ஸ்போரி அணிக்கும், பின்னர் மீண்டும் ஹெல்சிங்கியில் பின்பா அணிக்கும் ஆடினார். நாட்டுக்காக 59 ஆட்டங்கள். மோசமான கணக்கன்று; ஆனால் பின்லாந்துக்கு வெளியே அவர் பெயரைச் சொன்னால் அன்று யாரும் திரும்பிப் பார்த்திருக்க மாட்டார்கள். அவருக்கு இன்னொரு தொழிலும் இருந்தது. அவர் முறையாகப் பயின்ற தொடக்கப்பள்ளி ஆசிரியர்; வகுப்பறையில் நின்று சிறுவர்களுக்குப் பாடம் சொன்னவர். பின்லாந்தின் பள்ளிகளை வியந்து நம் கல்விக் கருத்தரங்குகளில் எத்தனையோ உரைகள் நிகழ்த்தப்பட்டிருக்கின்றன. அந்நாட்டில் தொடக்கப்பள்ளி ஆசிரியராவதற்கும் முதுகலைப் பட்டம் வேண்டும் என்பது அவ்வுரைகளில் தவறாமல் இடம்பெறும் செய்தி. அப்படிப்பட்ட பள்ளி ஆசிரியர் ஒருவரே அந்நாட்டின் ஆண்கள் அணியை முதன்முதலாக ஒரு பெரும் போட்டிக்கு அழைத்துச் சென்றவர் என்பது மட்டும் அங்கே சொல்லப்படுவதில்லை.

அந்த ‘முதன்முதலாக’ என்ற சொல்லின் கனத்தை உணர வேண்டுமானால் முந்தைய தோல்விகளை அறிய வேண்டும். பின்லாந்து ஐம்பத்தைந்து லட்சம் மக்கள் வாழும் நாடு. நெடிய பனிக்காலம். அங்கே முதல் விளையாட்டு பனி ஹாக்கி. அதில் 1995, 2011, 2019 ஆகிய ஆண்டுகளில் உலகப் பட்டம் வென்றவர்கள் அவர்கள். கால்பந்திலோ 1912 ஒலிம்பிக்கில் நான்காம் இடம் பெற்றதுதான் நெடுங்காலம் பெருமையாகச் சொல்லிக்கொள்ள இருந்தது. பெண்கள் அணி 2005-இலேயே ஐரோப்பியப் போட்டியின் அரையிறுதி வரை சென்றுவிட்டது. ஆண்கள் அணிக்கோ உலகக் கோப்பையும் ஐரோப்பியக் கோப்பையும் தொலைக்காட்சியில் பார்ப்பதற்கு உரியவையாகவே இருந்தன.

1997 அக்டோபரில் ஹெல்சிங்கி ஒலிம்பிக் அரங்கில் ஹங்கேரிக்கு எதிரான ஆட்டம். உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றில் அடுத்த படிக்குச் செல்ல பின்லாந்துக்கு வெற்றி தேவை. ஒன்றுக்குச் சுழியம் என முன்னிலையில் இருந்தது. தொண்ணூறு நிமிடங்கள் முடிந்து, கூடுதலாக வழங்கப்பட்ட நேரம் ஓடிக்கொண்டிருந்தது. கோல் முகப்பில் நேர்ந்த குழப்பத்தில் சொந்த ஆட்டக்காரர்கள் விலக்க முயன்ற பந்து, கோல்காப்பாளர் டெய்வோ மொய்லானென் மீது பட்டு வலைக்குள் உருண்டது. அன்று பயிற்சியாளராக இருந்தவர் ரிச்சர்ட் மோல்லர் நீல்சன். 1992-இல் டென்மார்க்கை ஐரோப்பியச் சாம்பியனாக்கியவர். அவருடைய திறமையும் அன்று உதவவில்லை. பத்தாண்டுகள் கழித்து, 2007 நவம்பரில், போர்ச்சுகலை வென்றால் ஐரோப்பியக் கோப்பைக்குச் செல்லலாம் என்ற நிலையில் ஆட்டம் கோலின்றி முடிந்தது.

இதில் வேதனை என்னவென்றால், அந்த இரு பத்தாண்டுகளில் பின்லாந்திடம் மேதைகள் இருந்தார்கள். யாரி லித்மனென் 1995-இல் அயாக்ஸ் அணியோடு ஐரோப்பாவின் உயரிய கிளப் கோப்பையை வென்றவர். பந்தைத் தொடும் விதத்திலேயே அவர் யாரென்று சொல்லிவிடலாம். சாமி ஹூப்பியா 2005-இல் லிவர்பூல் அணியோடு அதே கோப்பையை ஏந்தியவர். தடுப்பாட்டத்தில் ஒரு கோட்டைச் சுவர். லித்மனென் நாட்டுக்காக 137 ஆட்டங்களும் ஹூப்பியா 105 ஆட்டங்களும் ஆடினார்கள். ஒரு பெரும்போட்டியில்கூட அவர்கள் நாட்டுச் சட்டையோடு களமிறங்கவில்லை. மேதைமை இருந்தும் அது ஓர் அணியாகத் திரளவில்லை.

ஹூப்பியாவின் பிற்கால வாழ்க்கையையும் இங்கே சேர்த்துப் பார்க்க வேண்டும். ஆடிய காலத்துப் பெரும்புகழோடு பயிற்சியாளரானவர் அவர். ஜெர்மனியின் பாயர் லெவர்குசன் அணியை 2012-இல் சாஷா லெவண்டோவ்ஸ்கியுடன் இணைந்து ஏற்றார். 2012-13 பருவத்தில் அவ்வணி மூன்றாம் இடம் பெற்றது. 2014 ஏப்ரலில் நீக்கப்பட்டார். அவ்வாண்டு கோடையில் இங்கிலாந்தின் பிரைட்டன் அணிக்குச் சென்று, டிசம்பரில் விலகினார். 2015-இல் சூரிக் அணியை ஏற்று, மறு ஆண்டு மே மாதம் அங்கிருந்தும் நீக்கப்பட்டார். அவரை இகழ்வதற்காக இதைச் சொல்லவில்லை. கால்களால் அறிந்த ஒன்றைப் பிறர் கால்களுக்குக் கடத்துவது வேறொரு கலை என்பதற்காகவே சொல்கிறேன். தன்னிடம் இயல்பாக அமைந்துவிட்ட ஒன்றை மேதையால் பிறருக்கு விளக்கிச் சொல்ல இயலாமற்போவதுண்டு. தட்டுத்தடுமாறிக் கற்றவனுக்கே எந்தப் படியில் கால் இடறும் என்பது தெரியும்.

கனெர்வா அவசரப்படவில்லை, அல்லது அவசரப்பட அவருக்கு வாய்ப்பே அளிக்கப்படவில்லை. 2004 முதல் 21 வயதுக்குட்பட்டோர் அணியைப் பயிற்றுவித்தார். 2009-இல் அந்த இளைஞர்களை ஸ்வீடனில் நடந்த ஐரோப்பியப் போட்டிக்கு அழைத்துச் சென்றார். இங்கிலாந்து, ஜெர்மனி, ஸ்பெயின் என மூன்று மலைகள் இருந்த பிரிவு. மூன்று ஆட்டங்களிலும் தோல்வி. அடித்தது ஒரே ஒரு கோல். இங்கிலாந்துக்கு எதிராகப் பெனால்டியில் அதை அடித்தவர் டிம் ஸ்பார்வ். பத்தாண்டுகளுக்குப் பின் பெரியவர்களின் அணித் தலைவராக நின்றவரும் அதே ஸ்பார்வ்தான். 2009-இன் தோல்விப் பட்டியலைப் படித்தவர் எவரும் அங்கே ஓர் எதிர்காலம் விதைக்கப்பட்டதைக் கண்டிருக்க முடியாது. ஆசிரியத் தொழிலின் வினோதம் இது. விளைச்சல் தெரியும்போது விதைத்தவன் அந்த வயலில் இருப்பதில்லை. கனெர்வா இருந்தார் என்பது அவருடைய நற்பேறு.

அந்த நற்பேறும் எளிதில் வந்ததன்று. தேசிய அணியில் அவர் பல ஆண்டுகள் உதவிப் பயிற்சியாளர். 2015 ஜூனில் மிக்சு பாத்தலைனென் நீக்கப்பட்டபோது இடைக்காலப் பொறுப்பு இவரிடம் வந்தது. நான்கு ஆட்டங்கள்: கிரீஸை அதன் மண்ணிலேயே வென்றார், பாரோ தீவுகளை வென்றார், ருமேனியாவோடும் வட அயர்லாந்தோடும் சமன் செய்தார். ஒரு தோல்வியும் இல்லை. ஆயினும் 2016 முதல் நிரந்தரப் பொறுப்பு ஸ்வீடனைச் சேர்ந்த ஹன்ஸ் பக்கேவுக்கே என்றாயிற்று. வெளியிலிருந்து வரும் பெயருக்கு உள்ளேயே இருக்கும் உழைப்பைவிட மதிப்பு அதிகம். இது எந்நாட்டு நிறுவனத்துக்கும் பொது நோய். 2016-இல் பக்கேயின் கீழ் பின்லாந்து ஓர் ஆட்டத்திலும் வெல்லவில்லை. அவ்வாண்டு டிசம்பரில் அவரை நீக்கிவிட்டுக் கனெர்வாவை அழைத்தார்கள். அப்போது அவருக்கு வயது ஐம்பத்திரண்டு.

அவர் என்ன செய்தார்? மந்திரம் எதுவும் செய்யவில்லை. தன்னிடம் இருப்பவர்களுக்கு என்ன முடியும், என்ன முடியாது என்பதை முதலில் கணக்கிட்டார். லித்மனென் இனி இல்லை. அவரைப் போல் ஆடுமாறு யாரையும் கேட்கவில்லை. பின்வரிசையை நெருக்கமாக நிறுத்தி, ஒவ்வொருவரும் பக்கத்திலிருப்பவரின் இடத்தையும் காக்கும்படி பழக்கி, கிடைக்கும் ஓரிரு வாய்ப்புகளை தெய்மு புக்கி முடித்துவைப்பார் என்று நம்பினார். 2017 செப்டம்பரில் தம்பேரே நகரில் ஐஸ்லாந்து வீழ்ந்தது. அடுத்த மாதம் குரோஷியாவின் ரியெகா நகரில், இறுதி நிமிடத்தில் புதியவரான பியூரி சோய்ரி அடித்த கோலால் ஆட்டம் சமனாயிற்று. அந்த ஒரு கோலின் விளைவாகக் குரோஷியா தன் பயிற்சியாளரை நீக்கி ஸ்லாட்கோ தாலிச்சை அமர்த்தியது. அவர் மறு ஆண்டு அவர்களை உலகக் கோப்பை இறுதிக்கே கொண்டு சென்றார். ஒரு சிறு நாட்டின் பொறுமை பிறிதொரு நாட்டின் சரித்திரத்தைத் திருப்பிய விந்தை அது.

2018-இல் நேஷன்ஸ் லீக் போட்டியின் முதல் நான்கு ஆட்டங்களிலும் வெற்றி; ஒரு கோலும் விட்டுக்கொடுக்கவில்லை. அடுத்து யூரோ தகுதிச் சுற்று. இத்தாலி, கிரீஸ், போஸ்னியா, ஆர்மீனியா, லிக்டன்ஸ்டைன் ஆகியவற்றோடு ஒரே பிரிவு. பத்து ஆட்டங்களில் ஆறு வெற்றி, நான்கு தோல்வி; புக்கி மட்டும் பத்து கோல்கள். 2019 நவம்பர் 15 அன்று, ஹெல்சிங்கியின் தோலோ பகுதியில் பத்தாயிரத்துச் சொச்சம் பேரே அமரக்கூடிய சிறிய அரங்கில், லிக்டன்ஸ்டைனை மூன்றுக்குச் சுழியம் என வென்று யூரோவுக்குத் தகுதி பெற்றார்கள். சனங்கள் வேலியைத் தாண்டி மைதானத்துக்குள் பாய்ந்தார்கள். 1997-ஐ அரங்கில் இருந்து கண்டவர்கள் அக்கூட்டத்தில் எத்தனை பேர் இருந்திருப்பார்கள் என்று நான் அடிக்கடி எண்ணிப் பார்ப்பதுண்டு.

பெருந்தொற்றால் ஓராண்டு தள்ளிப்போன அப்போட்டியில் பின்லாந்தின் முதல் ஆட்டம் 2021 ஜூன் 12, கோபன்ஹேகனில் டென்மார்க்கோடு. நம் ஊரில் இரவு ஒன்பதரை மணி. அந்தக் காலத்தில் நானும் ஒரு திரைக்கு முன்னால் அமர்ந்து, முகம் காட்டாத மாணவர்களின் பெயர்களைப் பார்த்துப் பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். கேட்கிறார்களா, தூங்குகிறார்களா, வீட்டில் சாவு விழுந்திருக்கிறதா என்பது தெரியாது. அத்தகைய நாட்களின் ஓர் இரவில்தான் அந்த ஆட்டத்தைப் பார்த்தேன்.

முதற்பாதி முடியச் சில நிமிடங்கள் இருக்கையில் டென்மார்க்கின் கிறிஸ்டியன் எரிக்சன் யாரும் மோதாமலே சரிந்து விழுந்தார். இதயம் நின்றுவிட்டது. மருத்துவர்கள் அவர் மார்பை அழுத்திக்கொண்டிருக்க, டென்மார்க் ஆட்டக்காரர்கள் அழுதபடியே அவரைச் சுற்றி அரணாக நின்று கேமராக்களிலிருந்து மறைத்தார்கள். அவரைத் தூக்கிச் செல்லும்போது மறைப்பாகப் பிடிக்கப்பட்ட துணிகளில் பின்லாந்தின் நீலச் சிலுவைக் கொடிகளும் இருந்தன. பின்லாந்து ரசிகர்கள் கொடுத்தவை. பின்னர் அரங்கின் ஒருபுறம் பின்லாந்துக்காரர்கள் ‘கிறிஸ்டியன்’ என்று கூவ, மறுபுறம் டென்மார்க்கினர் ‘எரிக்சன்’ என்று பதில் கொடுத்தார்கள். அவருக்கு நினைவு திரும்பிய செய்தி வந்தபின், நம் கடிகாரத்தில் நள்ளிரவுக்கு, ஆட்டம் மீண்டும் தொடங்கியது. திரும்பி வந்த டென்மார்க் அணியைப் பின்லாந்து ஆட்டக்காரர்கள் கைதட்டி வரவேற்றார்கள்.

பின்னர் யோவெல் பொக்யன்பலோ தலையால் முட்டி ஒரு கோல் அடித்தார். நாட்டின் நூற்றாண்டுக் கனவின் முதல் கோல். அவர் கொண்டாடவில்லை. ஓடிவந்த தோழர்களைக் கையமர்த்தினார். பிறகு டென்மார்க்குக்குக் கிடைத்த பெனால்டியைக் கோல்காப்பாளர் லூகாஸ் ஹிராடெட்ஸ்கி தடுத்தார். ஆட்டம் ஒன்றுக்குச் சுழியம் என முடிந்தது. அன்று பின்லாந்து கோலை நோக்கி அடித்தது மொத்தமே அந்த ஒரு முறைதான்.

இங்கேதான் கனெர்வாவைக் குறைகூறுவோரின் வாதம் தொடங்குகிறது. ஒரே ஒரு முயற்சி, அதுவும் எதிரணி உடைந்துபோயிருந்த வேளையில். இது வெற்றியா, இது கால்பந்தா என்று கேட்பவர்கள் உண்டு. கேள்வியின் முதற்பாதியை நான் ஏற்கிறேன். அன்றைய வெற்றியைப் பெருமையாகச் சொல்லிக்கொள்ள இயலாது. டென்மார்க்கினர் ஆடும் நிலையில் இல்லை. ஆனால் அந்த இரவில் என் மனத்தில் தங்கியது கணக்கு அன்று. நூறாண்டு காத்திருந்தவர்கள், கைக்கு எட்டியதைக் கொண்டாடாமல் இருக்கத் தெரிந்தவர்களாக இருந்தார்கள். அடக்கத்தை ஒரு நாளில் யாரும் கற்றுக்கொள்வதில்லை. அதைப் பாடத்திட்டத்தில் சேர்க்கவும் முடியாது. ஆண்டுக்கணக்கில் ஒன்றாக இருந்து பழகியவர்களிடம் எப்படியோ படிகிறது. அதைக் கனெர்வாதான் கற்பித்தார் என்று நிறுவ என்னிடம் சான்று இல்லை. ஆனால் ஒரு வகுப்பு தானாகவே எழுந்து நிற்கும்போது அதன் ஆசிரியர் யார் என்று கேட்பது என் தொழிற்பழக்கம்.

‘இது கால்பந்தா’ என்ற மறுபாதிக்கு 2020 நவம்பரிலேயே பதில் இருக்கிறது. பாரிஸில், உலகச் சாம்பியனாக இருந்த பிரான்சை நட்பு ஆட்டமொன்றில் இரண்டுக்குச் சுழியம் என வென்றவர்கள் அவர்கள். எளியவனின் ஒழுங்கும் அழகுதான். ஆரவாரமில்லாத, தேவைக்கு மேல் ஒரு சொல்லும் இல்லாத உரைநடையை ரசிக்கத் தெரிந்த வாசகர்களுக்கு நான் இதை விளக்க வேண்டியதில்லை.

அப்போட்டியின் மிச்சக் கதை பின்லாந்தின் வழக்கமான கதை. ரஷ்யாவிடம் சுழியத்துக்கு ஒன்று. பெல்ஜியத்துக்கு எதிராக 74 நிமிடங்கள் தாக்குப்பிடித்தார்கள். அந்த ஆட்டம் கோலின்றி முடிந்திருந்தால் அடுத்த சுற்று உறுதி. வெர்மாலென் தலையால் முட்டிய பந்து கம்பத்தில் பட்டு, ஹிராடெட்ஸ்கியின் கையில் பட்டு, கோட்டைத் தாண்டியது. 1997-இல் மொய்லானென், 2021-இல் ஹிராடெட்ஸ்கி. இருபத்து நான்கு ஆண்டுகள் கழித்தும் பந்து அதே வழியைக் கண்டுபிடித்தது. பின்னர் லுக்காக்கு இரண்டாவது கோலை அடிக்க, பின்லாந்து வெளியேறியது.

அத்தோடு கதை முடிந்திருந்தால் இக்கட்டுரையை ஒரு புகழுரையாக எழுதியிருப்பேன். கனெர்வா மேலும் மூன்றாண்டுகளுக்கு மேல் தொடர்ந்தார். 2022 உலகக் கோப்பைக்குச் செல்லும் வாய்ப்பு, 2021 நவம்பரில் பிரான்சிடம் ஹெல்சிங்கியில் தோற்றதோடு நழுவியது. 2023 அக்டோபரில் சொந்த மண்ணில் கஜகஸ்தானிடம் தோல்வி. 2024 மார்ச்சில் யூரோவுக்கான கடைசி வாய்ப்பில் கார்டிஃபில் வேல்ஸ் நான்குக்கு ஒன்று என வென்றது. அவ்வாண்டின் நேஷன்ஸ் லீக்கில் இங்கிலாந்து, கிரீஸ், அயர்லாந்து ஆகிய மூன்றிடமும் இருமுறை தோற்று, ஆறு ஆட்டங்களில் ஆறு தோல்வி. 2024 நவம்பரில் அவரை விடுவித்தார்கள்.

இந்த வீழ்ச்சியை மறைத்துவிட்டு அவரைப் போற்றுவது நேர்மையாகாது. அவர் வளர்த்த தலைமுறைக்கு வயதாகிவிட்டது. ஸ்பார்வ் 2021-இலேயே விடைபெற்றார். புக்கிக்கு முப்பது கடந்தது. ஒரு வகுப்பை அறிந்த ஆழத்தோடு அடுத்த வகுப்பை அவர் அறியவில்லை என்றே தோன்றுகிறது. பழைய மாணவர்களுக்காக எழுதிய குறிப்புகளைப் புதிய மாணவர்களுக்கு வாசித்துக் காட்டும் ஆசிரியனை நான் அறிவேன். என் மேசை இழுப்பறையிலும் மஞ்சள் படிந்த தாள்கள் இருக்கின்றன. இந்த இடத்தில் அவர்மீது எனக்குக் குறை உண்டு. அது அன்னியன்மீது சொல்லும் குறையன்று.

ஆயினும் என் கட்சியை நான் மாற்றிக்கொள்ளவில்லை. கடைசி ஆறு தோல்விகளால் அந்த 2019 நவம்பர் இரவு இல்லாமல் ஆகிவிடாது. மேதைகள் இருந்தபோது நிகழாதது, மேதைகளை எதிர்பார்க்காத ஒருவர் வந்தபோது நிகழ்ந்தது. இதிலிருந்து மேதைமை வேண்டாம் என்று முடிவுகட்டுவது அபத்தம். லித்மனென் ஆடியதைக் கண்டு வளர்ந்த பிள்ளைகளே பிற்பாடு கனெர்வாவின் பிள்ளைகள் ஆனார்கள். ஒருவர் ஆசையை மூட்டுகிறார். மற்றவர் அந்த ஆசைக்கு ஒரு நாள்முறையை ஏற்படுத்தித் தருகிறார். நாம் முதலாமவரின் பெயரைக் கவிதையில் வைக்கிறோம், இரண்டாமவரின் பெயரை வருகைப் பதிவேட்டில் விட்டுவிடுகிறோம்.

இலக்கியத்திலும் இக்கணக்கு பொருந்தும் என்பது என் கருத்து. பெரும் படைப்பாளிகள் நம்மிடம் இருந்திருக்கிறார்கள், இருக்கிறார்கள். வாசகர்கள்தாம் ஓர் அணியாகத் திரளவில்லை. அதைத் திரட்டும் வேலை வகுப்பறைக்கு உரியது. அதை நாங்கள் செம்மையாகச் செய்யவில்லை என்பதே அந்த ஏளனத்தின் உண்மையான பாதி. எழுதாதவனுக்குக் கற்பிக்கத் தகுதியில்லை என்பது பொய்யான பாதி. ஐம்பத்திரண்டு வயது வரை இரண்டாம் நாற்காலியில் அமர்ந்திருந்த ஒரு வகுப்பாசிரியர் அதை எனக்குத் தெளிவாக்கினார். அடுத்த பருவம் தொடங்குமுன் அந்த மஞ்சள் தாள்களைக் கிழித்துவிட்டுப் புதிதாக எழுத வேண்டும் என்பதையும் அவரிடமிருந்துதான் கற்றேன்.